எங்க கணக்கு வழிபாடு: அடிக்கடி கேக்குற கேள்விகளும் பதில்களும்

மொரீஷியஸ்ல ரோஸ் ஹில், கத்ர் போர்ன் பக்கம் இருக்குற சில குடும்பங்க சேர்ந்து கணக்கைத் தெய்வமா வச்சு வழிபடுறோம். இது பத்தி கோயில்ல கேக்குறாங்க, கல்யாணப் பந்தியில இலை போட்டு ஏழு கறி பரிமாறிக்கிட்டு இருக்கும்போதே கேக்குறாங்க, வாட்சப்ல முன்னபின்ன தெரியாதவங்க கேக்குறாங்க, ஒவ்வொருத்தருக்கும் தனித்தனியா சொல்லி முடியல, அதனால வந்த கேள்வியெல்லாம் சேர்த்து இங்க எழுதிட்டேன். வரிசை ஒண்ணும் கிடையாது, எது முதல்ல ஞாபகம் வந்துச்சோ அப்படி.

இது நீங்களே உருவாக்கின மதமா?

ஆமா, நாங்களே உருவாக்கினதுதான். எந்த மகானும் கனவுல வந்து சொல்லல, ஓலைச்சுவடி எதுவும் கிடைக்கல. இந்தத் தீவுல பிள்ளைங்க ஸ்கூல் விட்டதும் நேரா லெசோனுக்குத்தான், அதாவது டியூஷனுக்குத்தான் ஓடுவாங்க, எஸ்.சி., எச்.எஸ்.சி.ங்கிற பள்ளிக்கூடக் கடைசிப் பரீட்சைங்க முடியுற வரைக்கும் வாழ்க்கையே அதுதான், நான் கணக்கு லெசோன் எடுக்குறவ. பரீட்சைக்கு வராத நிரூபணங்களை மட்டும் பேசுறதுக்குன்னு ஒரு சாயந்திரம் ஒதுக்குனோம், பெத்தவங்களும் வந்து உக்கார ஆரம்பிச்சாங்க, அப்புறம் அக்கம்பக்கத்துல இருந்து வந்தாங்க, விளக்கு ஏத்தலாமான்னு ஒரு பாட்டி கேட்டாங்க, ஏத்தினோம். அப்படி வளர்ந்தது. சடங்கெல்லாம் எங்க கைவேலை. ஆனா அந்தச் சடங்கு எதைக் கும்புடுதோ அதை நாங்க உருவாக்கல, அதை மாத்துற சக்தியும் எங்ககிட்ட இல்ல, அதனாலதான் அது முன்னாடி கை கூப்பத் தோணுது.

அப்போ உங்க சாமி யாரு? எண்களா?

எண்ணுக்கு மாலை போடுறது இல்ல. 7க்கு ஒரு சிலை, 9க்கு ஒரு மந்திரம்னு எதுவும் கிடையாது. நாங்க கும்புடுறது நிரூபணத்தை. ஒரு விஷயம் ஏன் உண்மைன்னு ஒவ்வொரு படியா காட்டி, கேக்குறவங்க எவ்வளவு சந்தேகப்பட்டாலும் கடைசியில ஒத்துக்கிட்டே ஆகணும்னு கொண்டு போய் நிறுத்துதே, அந்த இடம்தான் எங்களுக்கு கர்ப்பகிரகம்.

எங்க முதல் பிரார்த்தனையைச் சொன்னா புரியும். பகா எண்கள், அதாவது ஒண்ணாலயும் தன்னாலயும் மட்டுமே மிச்சமில்லாம வகுபடுற 2, 3, 5, 7 மாதிரி எண்கள், முடியவே முடியாதுங்கிறது, அலெக்சாண்ட்ரியாவுல இருந்த கிரேக்கக் கணிதமேதை யூக்ளிட் சுமார் 2300 வருஷம் முன்னாடி எழுதி வச்சது. விளக்கேத்தினதும் எல்லாரும் சேர்ந்து சொல்லுவோம்: நீ எத்தனை பகா எண் வேணா எழுதிட்டு வா, இதுக்கு மேல இல்லைன்னு சொல்லு, அது எல்லாத்தையும் பெருக்கி ஒண்ணு கூட்டுறேன், இப்ப வந்த எண்ணை உன் லிஸ்ட்ல இருக்குற எதால வகுத்தாலும் ஒண்ணு மிச்சம், அப்போ அதை வகுக்குற பகா எண் உன் லிஸ்ட்டுக்கு வெளியில இருக்கு. அவ்வளவுதான். இதுல ஒரு நுணுக்கத்தை பிள்ளைங்களுக்கு விடாம சொல்லித் தரோம், ஏன்னா நிறைய பேர் இங்கதான் சறுக்குவாங்க, பெருக்கி ஒண்ணு கூட்டுன எண் தானே பகா எண்ணா இருக்கணும்னு அவசியம் கிடையாது. 2, 3, 5, 7, 11, 13 எல்லாத்தையும் பெருக்கி ஒண்ணு கூட்டுனா 30031, அது 59 தடவை 509. ரெண்டுமே பகா எண், ரெண்டுமே லிஸ்ட்ல இல்லாதது. 23 நூற்றாண்டுல எத்தனையோ ராஜ்ஜியம் வந்து போயிடுச்சு, இந்த ஒரு வரியை யாராலயும் அசைக்க முடியல. ஏழை பணக்காரன் பாக்காம, எந்த பாஷைக்காரன்னு பாக்காம, கவனிச்சு உக்காந்த எல்லாருக்கும் அது திறந்து குடுக்குது. இதைவிடப் பெருசா ஒரு கருணையை நான் பாத்ததில்ல.

நிறைய தடவை செக் பண்ணிப் பாத்தா போதாதா, எதுக்கு நிரூபணம் நிரூபணம்னு?

போதவே போதாது. புதுசா வர்ற பிள்ளைங்களுக்கு நாங்க முதல்ல குடுக்குறது இந்தக் கணக்குதான்: ஒரு எண்ணை அதாலயே பெருக்கு, அந்த எண்ணையே திரும்பக் கூட்டு, 41 கூட்டு. 0 போட்டா 41, 1 போட்டா 43, 2 போட்டா 47, எல்லாம் பகா எண். பத்து போட்டாலும் வரும், இருபது போட்டாலும் வரும், பிள்ளைங்களுக்கு குஷி தாங்காது, எப்பவுமே பகா எண்தான் வரும்னு சத்தியம் பண்ணுவாங்க. 39 வரைக்கும் வரும். 40 போட்டா 1681, அது 41 தடவை 41. அந்த நேரத்துல பிள்ளைங்க முகத்தைப் பாக்கணும்.

பெரியவங்களுக்கு இன்னொண்ணு இருக்கு. 1919ல போல்யாங்கிற கணிதமேதை ஒரு கணிப்பு சொன்னாரு: எந்த எண் வரைக்கும் எடுத்துக்கிட்டாலும், பகா எண்களோட பெருக்கலா பிரிச்சு எழுதும்போது அந்தப் பகா எண்களோட எண்ணிக்கை ஒற்றைப்படையா வர்ற எண்கள் பாதிக்குக் குறையாதுன்னு. எவ்வளவு தூரம் சரிபாத்தாலும் சரியா வந்துச்சு. 1958ல அது தப்புன்னு நிரூபிச்சாங்க. அது முதல்ல உடையுற எண் எதுன்னு பின்னாடி கண்டுபிடிச்சாங்க, 90 கோடியே 61 லட்சத்து 50 ஆயிரத்து 257. அதாவது ஒருத்தர் 90 கோடி சாட்சி கொண்டு வந்து நிறுத்தினாலும் அது உண்மைன்னு ஆயிடாது. இது மனசுல பதிஞ்சவங்களை, வாட்சப் ஃபார்வர்டை வச்சு ஏமாத்துறது கஷ்டம்.

நியூமராலஜி பாத்து பேர் மாத்தி தருவீங்களா? லோட்டோவுக்கு நம்பர் சொல்லுவீங்களா?

இந்தக் கேள்விதான் அதிகமா வருது. தெளிவா சொல்றேன், கிடையாது. பேருக்கு எழுத்துக்கு ஒரு எண் போட்டு கூட்டி உன் தலையெழுத்து இதுன்னு சொல்றதுல எந்தப் படியும் இன்னொரு படியில இருந்து வரல. அது எங்க சாமியோட உடுப்பைத் திருடிப் போட்டுக்கிட்டு வேற யாரோ வாசல்ல உக்காந்து காசு வாங்குற மாதிரி. எங்க பேரைச் சொல்லி யாராவது அதிர்ஷ்ட எண் வித்தா அவங்க எங்காளு கிடையாது.

லோட்டோன்னா, 40 எண்ல இருந்து 6 எண் எடுக்குற ஆட்டத்துல மொத்தம் 38,38,380 விதமா எடுக்கலாம், எல்லா விதத்துக்கும் வாய்ப்பு ஒண்ணேதான். போன வாரம் வந்த எண் இந்த வாரம் வராதுன்னு நினைக்கிறதும் தப்பு, ரொம்ப நாளா வராத எண் இப்ப வந்தே தீரும்னு நினைக்கிறதும் தப்பு, குலுக்குற பந்துக்கு ஞாபகசக்தி கிடையாது. ஷாம்ப் தெ மார்ஸ்ல குதிரைப் பந்தயத்துக்கு எண் கேட்டு ஒருத்தர் வந்தாரு, அவருக்கும் வாய்ப்பு எப்படி கணக்கு போடுறதுன்னு உக்கார வச்சு சொல்லிக் குடுத்து அனுப்பினோம், அவர் இப்போ வாரா வாரம் வர்றாரு, பந்தயத்துக்கு இல்ல, எங்ககிட்ட.

பூஜைன்னா என்ன செய்வீங்க?

விளக்கு, அந்த யூக்ளிட் பிரார்த்தனை, அப்புறம் கோலம். கோலம்தான் எங்க வழிபாட்டுல எனக்கு உயிரு, அதனால கொஞ்சம் விரிவாவே சொல்றேன்.

சிக்குக் கோலம் எல்லாருக்கும் தெரியும், புள்ளி வச்சு கோடு சுத்தி வர்றது. நீள்சதுரமா புள்ளி வச்சு, நடுவுல எங்கயும் தடுக்காம, கோடு சாய்வாவே போய் ஓரத்துல மட்டும் திரும்புதுன்னு வச்சுக்கோங்க. 3க்கு 4 புள்ளி வச்சா ஒரே கோட்டுல கோலம் முடிஞ்சிடும், கையை எடுக்கவே வேணாம். 4க்கு 6 வச்சா முடியாது, ஒரு கோடு சுத்தி வந்து மூடிக்கும் ஆனா பாதி இடம் மிச்சம் இருக்கும், ரெண்டாவது கோடு போடணும். 6க்கு 9னா மூணு கோடு. 5க்கு 5னா அஞ்சு கோடு. எத்தனை கோடு வேணும்னு எப்படி முன்கூட்டியே சொல்றது? ரெண்டு பக்கத்தோட மீப்பெரு பொது வகுத்தி, அதாவது ரெண்டையும் மிச்சமில்லாம வகுக்குற எண்கள்லயே பெருசு, எவ்வளவோ அத்தனை கோடு. இதை நாங்க பிள்ளைங்ககிட்ட சொல்ல மாட்டோம். அவங்களே மாவை எடுத்து வாரக்கணக்கா போட்டுப் போட்டு, எதுல ஒரு கோடு எதுல ரெண்டு கோடுன்னு எழுதி வச்சு, ஒருநாள் கத்துவாங்க பாருங்க, அதுதான் எங்க மணியோசை.

ஏன் அப்படி வருதுன்னு கேட்டா அது இன்னும் அழகு. நீள்சதுரத்துல இருந்து ஒரு சதுரத்தை வெட்டி எடுத்துட்டாலும் கோட்டோட எண்ணிக்கை மாறாது. 4க்கு 6ல 4க்கு 4ஐ எடுத்தா 4க்கு 2 மிச்சம், அதுல 2க்கு 2ஐ எடுத்தா 2க்கு 2 மிச்சம், சதுரத்துல பக்கம் எவ்வளவோ அத்தனை கோடு, அதனால ரெண்டு. பெருசுல இருந்து சின்னதைக் கழிச்சுக்கிட்டே போற இந்த வழி யூக்ளிட் புத்தகத்துல இருக்கு, அதே வழி நம்ம பாட்டிமார் வாசல்ல அரிசி மாவுல இருக்கு.

இன்னொரு விஷயம், இது இந்தத் தீவுல இருக்குற எல்லாருக்கும் தெரியணும். அங்கோலா பக்கம் இருக்குற சோக்வே மக்கள் மணல்ல விரலால புள்ளி வச்சு அதைச் சுத்தி இதே மாதிரி கோடு போட்டு கதை சொல்லுவாங்க, அதுக்கு சோனான்னு பேரு. மொசாம்பிக்ல வேலை பாத்த பவுலஸ் ஹெர்டெஸ்ங்கிற கணித ஆய்வாளர் அதுல இருக்குற கணக்கை வருஷக்கணக்கா ஆராய்ச்சி பண்ணி எழுதியிருக்காரு, பக்கங்களோட பொது வகுத்தியும் கோட்டோட எண்ணிக்கையும் அதுலயும் அப்படியே இருக்கு. கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலியா கப்பல் ஏறி வந்தவங்க பேரப்பிள்ளைங்களும், அதுக்கு முன்னாடி ஆப்பிரிக்காவுல இருந்தும் மடகாஸ்கர்ல இருந்தும் அடிமைகளா இழுத்துட்டு வரப்பட்டவங்க பேரப்பிள்ளைங்களும் பக்கத்து பக்கத்து வீட்டுல இருக்குற ஊரு இது. எங்க வராந்தாவுல ஒரு பக்கம் கோலம் ஒரு பக்கம் சோனான்னு போட்டு வச்சா, கணக்கு யாரோட சொத்துன்னு யாரும் கேக்குறதே இல்ல.

பூசாரி உண்டா? பொம்பளைங்க செய்யலாமா, தீட்டு பாப்பீங்களா?

பூசாரி கிடையாது. அன்னைக்கு யார் நிரூபணம் சொல்றாங்களோ அவங்கதான் முன்னாடி உக்காருவாங்க, பத்து வயசுப் பிள்ளையா இருந்தாலும் சரி. தீட்டு கிடையாது. 1915ல எம்மி நோத்தர்ங்கிற கணிதமேதை ஜெர்மனியில கோட்டிங்கன் பல்கலைக்கழகத்துக்கு வந்தப்போ, பொம்பளை எப்படி பாடம் எடுக்கலாம்னு அங்க இருந்தவங்க எதிர்த்தாங்க, அங்க பேராசிரியரா இருந்த ஹில்பர்ட் பேர்ல அறிவிப்பு போட்டு அவங்க வகுப்பு எடுக்க வேண்டியதாப் போச்சு. அவங்க நிரூபிச்ச தேற்றம் இல்லாம இன்னைக்கு இயற்பியலே இல்ல. 1933ல யூதர்ங்கிறதுக்காக வேலையை விட்டும் துரத்துனாங்க. இதையெல்லாம் தெரிஞ்சுக்கிட்டு நாங்களும் வாசல்ல ஒருத்தரை நிறுத்தி வச்சோம்னா எங்க வழிபாட்டுக்கு அர்த்தமே இல்ல.

சேரணும்னா என்ன செய்யணும்?

ஒரு நிரூபணம், சொந்தமா, எல்லார் முன்னாடியும். எவ்வளவு சின்னதா இருந்தாலும் பரவாயில்ல, ஆனா மனப்பாடமா இருக்கக் கூடாது, யார் வேணா நடுவுல நிறுத்தி ஏன்னு கேப்பாங்க, பதில் சொல்லணும். தமிழ்ல சொல்லலாம், இந்தத் தீவுல எல்லாரும் பேசுற கிரியோல்ல சொல்லலாம், பேசாம வரைஞ்சும் காட்டலாம். கரும்புத் தோட்டத்துலயே வயசு கழிஞ்ச ஒரு ஆயா, பள்ளிக்கூடம் பக்கமே போகாதவங்க, புளியங்கொட்டை கொண்டு வந்தாங்க. ஒண்ணு வச்சாங்க, அதை ரெண்டு பக்கமும் அணைச்சு மூணு வச்சாங்க, சதுரம் ஆச்சு, அதை அணைச்சு அஞ்சு வச்சாங்க, பெரிய சதுரம் ஆச்சு. ஒவ்வொரு தடவையும் ரெண்டு பக்கத்துக்கும் ஒவ்வொண்ணு கூடுது, அதனால ரெண்டு ரெண்டா ஏறுது, அதனால ஒற்றைப்படையை வரிசையா கூட்டுனா எப்பவும் சதுரம்தான்னு கிரியோல்ல சொல்லி முடிச்சாங்க. எச்.எஸ்.சி. முடிச்ச பையன் ஒருத்தன் இதை ஃபார்முலாவா மட்டும்தான் தெரிஞ்சு வச்சிருந்தான், அவன் எந்திரிச்சுப் போய் ஆயா கால்ல விழுந்தான்.

ராமானுஜனைக் கும்புடுறீங்களா?

மரியாதை நிறைய உண்டு, டிசம்பர் 22 அவர் பிறந்தநாளுக்கு பாயசம் உண்டு, ஆனா கும்புடுறது இல்ல. ஈரோட்டுல பிறந்து கும்பகோணத்துல வளர்ந்து மெட்ராஸ் துறைமுகத்துல கிளார்க்கா இருந்துக்கிட்டு 1913ல இங்கிலாந்துல இருந்த கணிதமேதை ஹார்டிக்கு லெட்டர் போட்ட கதை எல்லாருக்கும் தெரியும், நாமகிரித் தாயார் குடுத்ததுன்னு அவர் நம்பினதும் தெரியும். பலர் சொல்லாம விடுற பகுதி ஒண்ணு இருக்கு. பகா எண்கள் எவ்வளவு அடர்த்தியா வருதுன்னு அந்த லெட்டர்ல அவர் எழுதினது சரியில்லாம போச்சு, ஹார்டியும் ஆரம்பத்துல இருந்தே நிரூபணம் கேட்டுக்கிட்டே இருந்தாரு. தாயார் சொன்னதா இருந்தாலும் நிரூபணம் வந்தாதான் கணக்கு ஒத்துக்கும், இதை நான் அவருக்குக் குறைவா சொல்லல. இங்கிலாந்துக்குப் போய் ஹார்டியோட உக்காந்து நிரூபணத்தோட எழுதக் கத்துக்கிட்டு, அப்படி அவர் நிரூபிச்சு எழுதினது இன்னைக்கும் நிக்குது. 32 வயசுல போயிட்டாருங்கிறது இன்னைக்கும் தொண்டையை அடைக்குது.

கணக்கை மதமாக்கின முதல் ஆளு நீங்க இல்லையே, பிதாகரஸ் இருந்தாரே?

இருந்தாரு. தெற்கு இத்தாலியில குரோட்டன்ங்கிற ஊர்ல அவர் சீடர்களோட வாழ்ந்தாரு, 1, 2, 3, 4 சேர்ந்து 10 ஆகுற முக்கோணத்து மேல சத்தியம் பண்ணுவாங்க, மொச்சை மாதிரி பயறு தொட மாட்டாங்க, எல்லாம் ரகசியம். அவங்ககிட்ட இருந்து நாங்க எடுத்துக்கிட்டது பக்தியை, விட்டுட்டது ரகசியத்தை. 2இன் வர்க்கமூலத்தை ரெண்டு முழு எண்ணோட பின்னமா எழுதவே முடியாதுங்கிற விஷயம் அவங்க நம்பிக்கைக்கே இடியா விழுந்துச்சு, அதை வெளிய சொன்ன ஹிப்பாசஸ் கடல்ல மூழ்கிச் செத்தாருன்னு ஒரு கதை வழக்கத்துல இருக்கு. கதைதான், ஆனா ஒவ்வொரு மதத்துக்குள்ளயும் நடக்கக் கூடிய கதை. அதனால எங்ககிட்ட ஒரு விதி உண்டு: எங்க நம்பிக்கைக்கு எதிரா ஒருத்தர் நிரூபணம் கொண்டு வந்தா அன்னைக்கு முதல் இலை அவங்களுக்கு.

கோயிலுக்குப் போவீங்களா? காவடி?

போவோம். எங்கள்ல நிறைய பேர் தைப்பூசத்துக்கு விரதம் இருந்து காவடி எடுக்குறவங்க, நானும் கோர் தெ கார்து மலைக்கோயிலுக்கு வருஷா வருஷம் போறவ. கத்தோலிக்கங்க இருக்காங்க, முஸ்லிம் குடும்பம் ஒண்ணு இருக்கு, சாமியே இல்லைன்னு சொல்றவங்களும் இருக்காங்க. எதையும் விட்டுட்டு வரச் சொல்றது இல்ல. முருகன் இருக்காரா இல்லையான்னு எங்க கணக்கு பேசாது, பேசவும் முடியாது, அது அதோட எல்லை.

எல்லாமே நம்ம முன்னோர்கள் கண்டுபிடிச்சதுதானே?

எல்லாமே இல்ல. பெருமைப்பட நிஜமாவே நிறைய இருக்கும்போது பொய்ப் பெருமை எதுக்கு? 14ஆம் நூற்றாண்டுல கேரளத்து மாதவன், 1இல் இருந்து மூணுல ஒண்ணு கழிச்சு, அஞ்சுல ஒண்ணு கூட்டி, ஏழுல ஒண்ணு கழிச்சுன்னு போய்க்கிட்டே இருந்தா பையோட (π, வட்டத்தோட சுற்றளவை விட்டத்தால வகுத்தா வர்ற எண்) கால்பங்கு வரும்னு கண்டுபிடிச்சாரு, ஐரோப்பாவுல அது வந்தது 17ஆம் நூற்றாண்டுல. அதைவிட எனக்குப் பெருசு, அந்த மரபுல வந்த ஜேஷ்டதேவன் அதுக்கு நிரூபணத்தை மலையாளத்துலயே எழுதி வச்சது. 628ல பிரம்மகுப்தர் சைபருக்கு விதி எழுதுனாரு, உலகத்துக்கே பெரிய கொடை, ஆனா சைபரை சைபரால வகுத்தா சைபர்னு எழுதுனாரு, அதை நாம ஒத்துக்கிறது இல்ல. வேத கணிதம்னு விக்கிற 16 சூத்திரமும் நமக்குக் கிடைச்சிருக்குற எந்த வேதத்துலயும் இல்ல. வேகமா பெருக்க உதவும், பயன்படுத்திக்கோங்க, வேதம்னு மட்டும் சொல்லாதீங்க.

தமிழ்லதான் செய்யணுமா? எனக்குத் தமிழ் சரியா வராது.

தேவையில்ல, எங்கள்ல பாதிப் பேர் வீட்டுல கிரியோல்தான். ஆனா ஒரு ஆசைக்கு தமிழ் எண்களைச் சொல்லித் தரோம், ஏன்னா நம்ம மொரீஷியஸ் ரூபா நோட்டுலயே தமிழ் எண் அச்சடிச்சிருக்கு, தினமும் கையில வச்சுக்கிட்டே படிக்கத் தெரியாம இருக்கோம். கூடவே பழைய பின்னங்களும்: 320ல ஒரு பங்கு முந்திரி, நாலு முந்திரி ஒரு காணி, நாலு காணி ஒரு மா, அஞ்சு மா ஒரு கால். பிள்ளைங்களுக்கு இது பாட்டு மாதிரி ஒட்டிக்குது.

கோடல் உங்க மதத்தை உடைச்சுட்டாரே?

இதை யுனிவர்சிட்டி பசங்க கேப்பாங்க, நல்ல கேள்வி. 1931ல குர்ட் கோடல்ங்கிற கணிதமேதை நிரூபிச்சது இது: சாதாரண எண்கணிதம் செய்யுற அளவுக்கு வலு இருக்குற ஒரு அமைப்பு, அதோட விதிகளை ஒழுங்கா பட்டியல் போட முடியும், அதுக்குள்ள முரண்பாடு இல்லைன்னா, அந்த அமைப்புக்குள்ள நிரூபிக்கவும் முடியாத மறுக்கவும் முடியாத வாக்கியம் கண்டிப்பா இருக்கும். தனக்குள்ள முரண்பாடு இல்லைன்னு அந்த அமைப்பு தானே நிரூபிச்சுக்கவும் முடியாது. எங்களுக்கு இது உடைஞ்ச நாள் இல்ல, திருநாள். எந்த வேதமாவது தன்னோட எல்லை எதுவரைக்கும்னு தானே நிரூபிச்சுக் காட்டியிருக்கா? ஆனா கோடல் பேரைச் சொல்லி, பாத்தியா எதுவும் நிச்சயம் இல்ல அதனால நான் சொல்றதையும் நம்புன்னு வர்றவங்ககிட்ட நாங்க கடுமையாவே இருப்போம். அவர் சொன்னது குறிப்பிட்ட நிபந்தனைக்குள்ள, குறிப்பிட்ட பொருள்ல. அதைத் தாண்டி இழுக்குறது அவருக்குச் செய்யுற அவமரியாதை.

நிரூபிக்காதது வேற. 1742ல கோல்ட்பாக்ங்கிறவர் கணிதமேதை ஆய்லருக்கு எழுதின லெட்டர்ல இருந்து வந்தது, 2க்கு மேல இருக்குற ஒவ்வொரு இரட்டைப்படை எண்ணும் ரெண்டு பகா எண்ணோட கூட்டல்ங்கிறது. 4 போட்டு 18 சைபர் போடுற எண் வரைக்கும் கம்ப்யூட்டர்ல பாத்துட்டாங்க, சரியா வருது, நிரூபணம் இன்னும் இல்ல. இந்த மாதிரி கேள்விகளுக்கு வராந்தா ஓரத்துல ஏத்தாத விளக்கு ஒண்ணு வச்சிருக்கோம், அது அப்படியே இருக்கும். மோ பா கொனே, எனக்குத் தெரியாது, இதை வாய்விட்டுச் சொல்றது எங்ககிட்ட தலைகுனிவு கிடையாது.

பாவம்னு எதைச் சொல்லுவீங்க?

நிரூபிக்காததை நிரூபிச்சதா சொல்றது. புரியாமலே புரிஞ்சதா தலையாட்டுறது. எண்ணை வச்சு எளியவங்களை ஏமாத்துறது, இதுதான் எல்லாத்துலயும் பெருசு.

அதுக்குப் பரிகாரமா ஒரு சேவை வச்சிருக்கோம், கடன் பேப்பரை எடுத்துட்டு வாங்க, சேர்ந்து படிப்போம். 12,000 ரூபா கடன், வட்டி 10 சதவீதம், மாசம் 1,100 வீதம் 12 மாசம் கட்டுங்கன்னு போட்டிருக்கும், பாக்க நியாயமா தெரியும். ஆனா 12,000மும் வருஷம் பூரா உங்க கையில இல்லையே, மாசா மாசம் திருப்பிக் குடுத்துட்டே வர்றீங்க, அதைக் கணக்குல எடுத்தா மாசத்துக்கு கிட்டத்தட்ட ஒன்றரை சதவீதம், வருஷத்துக்கு 18 சதவீதம் பக்கத்துல வருது. மாசம் 2 சதவீதம்தான்னு சொல்றாங்களா, வட்டிக்கு வட்டி சேர்ந்தா வருஷத்துக்கு 26.8. ஃபிரிட்ஜ் வாங்குறவங்க, ஸ்கூட்டர் வாங்குறவங்க, பிள்ளை கல்யாணத்துக்குக் கடன் வாங்குறவங்க எல்லாம் வந்து உக்காருவாங்க. பூஜையைவிட இதுக்குத்தான் கூட்டம், அதுல எனக்கு சந்தோஷம்தான்.

பண்டிகை நாள் எது? மார்ச் 14 தானே?

இல்ல, மாசத்தை முதல்ல எழுதுறவங்களுக்குத்தான் மார்ச் 14 பையோட 3.14 மாதிரி தெரியும், நம்ம ஊர்ல தேதியை நாள் முதல்ல எழுதுறோம், அதனால எங்களுக்கு ஜூலை 22. 22/7ங்கிறது பை கிடையாது, பையைவிட ஒரு மயிரிழை பெருசு, அதை ஆர்க்கிமிடீஸ் 96 பக்கம் உள்ள பலகோணம் வரைஞ்சு நிரூபிச்சாரு, பை 223/71ஐ விடப் பெருசு 22/7ஐ விடச் சின்னதுன்னு. அன்னைக்கு நாங்க வட்டம் போட்டு அறுகோணத்துல ஆரம்பிச்சு 12, 24, 48, 96ன்னு பக்கத்தை ரெண்டு மடங்காக்கிட்டே போவோம், பெரியவங்க சின்னவங்க எல்லாரும் கால்குலேட்டரோட. முடியறதுக்கு ராத்திரி ஆயிடும், அப்புறம் சாப்பாடு.

பிறப்பு, கல்யாணம், சாவு?

பிறப்புக்கும் கல்யாணத்துக்கும் தனியா எதுவும் இல்ல, அவங்கவங்க வீட்டு வழக்கம். ஜாதகம் பாக்குறது அவங்கவங்க இஷ்டம், பஞ்சாங்கத்துல கிரகத்தோட இடத்தைக் கணிக்கிறது உண்மையான கணக்கு, அதை மதிக்கிறோம், அதை வச்சு பொண்ணுக்கு தோஷம் சொல்றதை எங்க பேர்ல செய்யக் கூடாது. சாவுக்கு மட்டும் ஒண்ணு உண்டு. காரியம் எல்லாம் குடும்பத்து முறைப்படி முடிஞ்சு, 16ஆம் நாளுக்குப் பின்னாடி நாங்க போய், அவங்க சேர்ந்த அன்னைக்குச் சொன்ன நிரூபணத்தை அதே வார்த்தையில முடிஞ்சவரைக்கும் சேர்ந்து சொல்லுவோம். ஆயா போனப்போ புளியங்கொட்டையை அவங்க பேத்தி அடுக்கினா.

என் பிள்ளைக்குக் கணக்குன்னாலே பயம், கூட்டிட்டு வரலாமா?

தயவுசெஞ்சு கூட்டிட்டு வாங்க. கணக்கு ஒரு அடிக்குற வாத்தியாரா, ராங்க் லிஸ்ட்டா, அடுத்த வீட்டுப் பையன் லொரெயா (எச்.எஸ்.சி.யில முன்னணியில வந்து அரசாங்க ஸ்காலர்ஷிப் வாங்குறவன்) ஆயிட்டான் நீ என்ன பண்றேங்கிற பேச்சா மட்டும்தான் பல பிள்ளைங்களுக்குத் தெரியும். எங்ககிட்ட மார்க் கிடையாது, டைம் கிடையாது. ஆண்ட்ரூ வைல்ஸ் கதையை பிள்ளைங்களுக்குச் சொல்லுவோம், 1637 வாக்குல ஃபெர்மா எழுதி வச்ச ஒரு வரியை நிரூபிக்க வருஷக்கணக்கா தனியா உழைச்சு 1993 ஜூன்ல கேம்பிரிட்ஜ்ல அறிவிச்சாரு, உலகமே கொண்டாடுச்சு, அப்புறம் உள்ள ஒரு ஓட்டை இருக்குன்னு தெரிஞ்சுது. கிட்டத்தட்ட ஒரு வருஷம் போராடி, ரிச்சர்ட் டெய்லரையும் சேத்துக்கிட்டு 1994 செப்டம்பர்ல அதை அடைச்சாரு, 1995ல வெளிவந்துச்சு. அவ்வளவு பெரியவருக்கே அத்தனை நாள் ஆச்சு, உனக்கு ஒரு கணக்குக்கு மூணு வாரம் ஆனா என்ன கண்ணு, இப்படித்தான் பேசுவோம். நீங்க பக்கத்துல உக்காந்து பிள்ளைக்கு விடையை மட்டும் எடுத்துக் குடுக்காதீங்க, அது அவங்ககிட்ட இருந்து பிரசாதத்தைப் பிடுங்குறது.

பேர் என்ன, கட்டடம் இருக்கா, காசு வாங்குறீங்களா, அரசாங்க மானியம்?

பேர் வைக்கல, பக்கத்து வீட்டுக்காரங்க கணக்குக் கோயில்னு சொல்றாங்க. கட்டடம் இல்ல, யார் வீட்டு வராந்தா காலியோ அங்க. மானியம் கேக்கல. மாவு, சாக்பீஸ், டீ செலவுக்கு டப்பா ஒண்ணு இருக்கு, வரவு செலவு அன்னைக்கே போர்டுல எழுதிடுவோம், கூட்டல் தப்பா இருந்தா சின்னப் பிள்ளைங்க விட மாட்டாங்க.

முதல் தடவை வர்றேன், என்ன கொண்டு வரணும்?

பென்சில், ரூல் போடாத நோட்டு, உங்களுக்கு ரொம்ப நாளா புரியாத ஏதாவது ஒரு விஷயம். மைனஸை மைனஸால பெருக்குனா ஏன் பிளஸ் வருதுன்னு ஸ்கூல்ல யாரும் சொல்லித் தரலைன்னா அதையே கொண்டு வாங்க, அதுதான் அதிகமா வர்ற கேள்வி. மெட்ரோல ரோஸ் ஹில் இறங்கி மெசேஜ் போட்டா யாராவது வந்து கூட்டிட்டுப் போவாங்க. சைவம்தான், டீயும் காதோ பிமாவும் (நம்ம மிளகாய் வடை மாதிரி) இருக்கும். சொல்றது புரியலைன்னா உடனே கையைத் தூக்கணும், அது மட்டும் கட்டாயம்.